பிராஹே என்னும் பெயரைத் தேடி: எட்டு நாள் குறிப்புகள்

முதல் நாள்: ஓடென்சே

டென்மார்க்கின் ஃபுயூன் தீவிலுள்ள ஓடென்சே நகருக்கு வருகிறவர்களில் பெரும்பாலோர் கதைசொல்லி ஆண்டர்சன் பிறந்த வீட்டைப் பார்க்கத்தான் வருகிறார்கள். அக்காவும் நானும் அந்தக் கூட்டத்தை விட்டு விலகி, ஆற்றங்கரையை ஒட்டி நிற்கும் பழைய செங்கல் மாளிகை ஒன்றைத் தேடிப் போனோம். திருமணம் செய்துகொள்ளாத பிரபுகுலப் பெண்கள் கண்ணியமாக வாழ்வதற்கென்று கரேன் பிராஹே என்ற பெண்மணி 1716இல் ஏற்படுத்திய இல்லம் அது.

பிராஹே என்றவுடன் நம் ஊரில் நினைவுக்கு வருவது பாடப்புத்தகத்தில் படித்த வானியலாளர் டைக்கோ பிராஹே ஒருவர்தான். அவர் அந்தப் பெயரைத் தாங்கிய நெடிய குடிவழியின் ஒரு தளிர் மட்டுமே. நெருங்கிய உறவுடைய இரண்டு பிராஹே குடிகள் இருந்தன. ஒன்று டென்மார்க் அரசவையிலும் மற்றொன்று ஸ்வீடன் அரசவையிலும் முன்வரிசையில் அமர்ந்திருந்தன. இரண்டு அரசுகளும் பலமுறை போரிட்டுக்கொண்டன என்பதால், ஒரே பெயரைத் தாங்கியவர்கள் எதிரெதிர்ப் பாசறைகளில் இருக்க நேர்ந்தது. இந்த இரு குடிகளும் வாழ்ந்த, வென்ற, தலை இழந்த இடங்களை எட்டு நாளில் முடிந்தவரை பார்த்துவிட வேண்டும் என்பதே எங்கள் திட்டம்.

கரேன் 1657இல் பிறந்து 1736 வரை வாழ்ந்தவர். டைக்கோவின் தம்பி ஸ்டேன் பிராஹேயின் மகன் யோர்கன், ஃபுயூன் தீவில் சேர்த்த நிலத்தாலும் செல்வாக்காலும் 'ஃபுயூனின் குட்டி அரசர்' என்று பெயர் வாங்கியவர். அந்த ஃபுயூன் கிளையில் வந்தவர் கரேன். உறவுக்காரப் பெண்மணியான அன்னே கோயே வாழ்நாள் முழுதும் சேர்த்த நூல்கள் கரேனிடம் வந்து சேர்ந்தன. கரேன் அவற்றோடு தன் நூல்களையும் சேர்த்து, அந்தத் தொகுப்பை இந்த இல்லத்துக்கே உரிமையாக்கினார். 1580களில் எழுதப்பட்ட டேனிஷ் கதைப்பாடல்களின் சுவடி ஒன்று இன்றும் அவர் பெயராலேயே அழைக்கப்படுகிறது. நூலகம் இப்போது ஓடென்சேயில் இல்லை, ரோஸ்கில்டே நகரில் பாதுகாக்கப்படுகிறது. வெறும் சுவரைப் பார்க்கவா இவ்வளவு தூரம் வந்தோம் என்று அக்கா கேட்டதற்கு என்னிடம் நல்ல பதில் இல்லை.

டென்மார்க் பிராஹே குடியின் ஆண்வழி 1786இல் முடிந்தது. பில்லே என்ற மற்றொரு பழங்குடியினர் பிராஹே என்பதைத் தம் பெயரோடு இணைத்துக்கொண்டு பில்லே–பிராஹே ஆனார்கள். பில்லே என்ற அந்தப் பெயரை நாளையும் சந்திக்கப் போகிறோம்.

இரண்டாம் நாள்: கோகெரோட், க்னூட்ஸ்டோர்ப்

கோபன்ஹேகனிலிருந்து பாலத்தைக் கடந்தால் ஸ்வீடன் வந்துவிடுகிறது. ஆனால் நாங்கள் தேடிவந்த காலத்தில் கடலின் இந்தப் பக்கமும் டென்மார்க்தான். ஸ்கோனே என்னும் இந்த வளமான தென்பகுதி 1658ஆம் ஆண்டு ரோஸ்கில்டே உடன்படிக்கையால் ஸ்வீடனின் கைக்குப் போனது. டென்மார்க் பிராஹேக்களின் தொட்டில் இன்று ஸ்வீடன் மண்ணில் இருப்பதன் காரணம் அதுவே.

கோகெரோட் கிராமத்துத் தேவாலயத்தில் டைக்கோவின் பெற்றோரான ஓட்டே பிராஹேயும் பெயாட்டே பில்லேயும் கல்லாய் நிற்கிறார்கள். ஓட்டே, ஹெல்சிங்போர்க் கோட்டையின் ஆளுநராக இருந்து 1571இல் இறந்தவர். பெயாட்டே அவருக்குப் பிறகு 34 ஆண்டுகள் வாழ்ந்து, அரசி சோஃபியின் அந்தப்புரத் தலைவியாக 1584 முதல் 1592 வரை பணியாற்றினார். அவர்களுக்குப் பிறந்த பன்னிரண்டு குழந்தைகளில் எட்டுப் பேர் பிழைத்தார்கள்.

இத்தகைய கல்லறைகளில் முகத்தைவிட முக்கியமானவை கேடயச் சின்னங்கள். ஒரு பிரபு தன் தந்தையின் சின்னத்தோடு நிறுத்திக்கொள்வதில்லை. தாய், பாட்டி, பூட்டி ஆகியோர் பிறந்த குடிகளின் சின்னங்களையும் வரிசையாகச் செதுக்கிக் காட்டினால்தான் அவருடைய பிறப்பு ஐயத்துக்கு இடமற்றதாகும். டைக்கோவின் அச்சுப் படம் ஒன்றில் அவரைச் சுற்றியுள்ள வளைவில் ரோசென்கிரான்ட்ஸ், கில்டென்ஸ்டியர்னே ஆகிய குடிகளின் சின்னங்களும் இருக்கின்றன. ஷேக்ஸ்பியரின் டென்மார்க் நாடகத்தைப் படித்தவர்களுக்கு இந்த இரு பெயர்களும் பழக்கமானவை. சின்ன வரிசையில் பாதி பெண்கள் கொண்டுவந்தது என்பதைக் கல்லின் முன் நின்றபோதுதான் கவனித்தேன். 'இன்னாருடைய பேரன்' என்பது மட்டும் போதாமல், 'இன்ன வீட்டுப் பெண் வயிற்றுப் பேரன்' என்பதும் அங்கே எழுதப்பட்டிருக்கிறது.

க்னூட்ஸ்டோர்ப் மாளிகை அங்கிருந்து அருகில்தான். 1546 டிசம்பர் 14 அன்று டைக்கோ பிறந்தது இந்தப் பண்ணையில். இரட்டையரில் ஒருவராகப் பிறந்தார், மற்றவர் பிழைக்கவில்லை. 1678இல், ஸ்கோனேக்காக நடந்த போரின்போது ஸ்வீடன் படை மாளிகைக்குத் தீ வைத்தது. பின்னர் பழுதுபார்க்கப்பட்ட இது 1771 முதல் வாக்ட்மைஸ்டர் குடும்பத்தின் வசம் இருக்கிறது. தனியார் வீடு என்பதால் வெளியே நின்று பார்த்ததோடு சரி. பக்கத்திலேயே கார்ப் பந்தயத் தடம் ஒன்று இருப்பதால், பதினாறாம் நூற்றாண்டைப் பற்றி எண்ணிக்கொண்டு நின்ற என் காதில் இருபத்தோராம் நூற்றாண்டின் எஞ்சின்கள் விடாமல் உறுமின.

டைக்கோ இந்த வீட்டில் வளரவில்லை. குழந்தை இல்லாத பெரியப்பா யோர்கன் பிராஹே, பெற்றோருக்குச் சொல்லாமலேயே இரண்டு வயதுப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தன் டோஸ்டெருப் கோட்டைக்குப் போய்விட்டார். நம் குடும்பங்களில் தத்துக் கொடுப்பதற்குச் சடங்கும் சம்மதமும் உண்டு. இங்கே இரண்டும் இல்லை. ஆனால் அடுத்து ஒரு தம்பி பிறந்தபின் பெற்றோர் அடங்கிப்போனார்கள். யோர்கனின் மனைவி இங்கேர் ஓக்ஸே பிள்ளையைப் படிக்க வைப்பதில் உறுதியாக இருந்தவர் என்கிறார்கள். போரும் நிர்வாகமும் தவிர வேறு கல்வி தேவையில்லை என்று நினைத்த பிராஹே குடியில் ஒரு வானியலாளர் உருவானதற்கு அந்த அம்மாள் பிறந்த கல்விச் சூழலே காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. அரசியின் அந்தப்புரத் தலைவி பதவியில் 1572 முதல் 1584 வரை இருந்தவரும் இந்த இங்கேர்தான். அவரிடமிருந்து அப்பதவி பெயாட்டேக்குப் போனது. வளர்த்தவளிடமிருந்து பெற்றவள் பொறுப்பேற்றுக்கொண்ட அந்த நாளில் இருவரும் என்ன பேசிக்கொண்டிருப்பார்கள்!

யோர்கன் 1565இல் இறந்தார். கோபன்ஹேகனில் நீரில் விழுந்த அரசர் இரண்டாம் ஃபிரெடெரிக்கைக் காப்பாற்றக் குதித்ததில் நோயுற்று இறந்தார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி.

தமிழர்களுக்காக ஒரு செய்தி. 1620இல் தஞ்சை ரகுநாத நாயக்கரிடமிருந்து தரங்கம்பாடியைப் பெற்று அங்கே டேன்ஸ்போர்க் கோட்டையைத் தொடங்கிய ஓவே யெத்தே, இதே ஸ்கோனே பிரபுகுல வட்டத்தைச் சேர்ந்தவர். 1594இல் அவர் பிறந்த டொமார்ப் கோட்டையும் இந்தப் பகுதியில்தான் இருக்கிறது.

மூன்றாம் நாள்: வென் தீவு

லான்ஸ்க்ரூனா துறையிலிருந்து படகில் அரை மணி நேரத்தில் வென் தீவை அடையலாம். தீவில் வாடகைக்குக் கிடைக்கும் மஞ்சள் சைக்கிள்களில் ஏறி மேட்டுக்குப் போனோம். 1576இல் அரசர் ஃபிரெடெரிக் இந்தத் தீவு முழுவதையும் டைக்கோவுக்கு வழங்கினார். அவர் இங்கே உரானிபோர்க் என்ற ஆய்வு மாளிகையையும், பின்னர் தரைக்கடியில் ஸ்டியர்னபோர்க் என்ற ஆய்வகத்தையும் கட்டினார். உழவர்களின் கட்டாய உழைப்பு அதில் கலந்திருந்தது, அவர்கள் முறையிட்டதும் பதிவாகியுள்ளது. தொலைநோக்கி வருவதற்கு முன் வானத்தை அதுவரை இல்லாத துல்லியத்தோடு அளந்த இடம் இது. இன்று எஞ்சியிருப்பவை மண் கரைகளும், பழைய வடிவத்தில் மீண்டும் அமைத்த தோட்டத்தின் ஒரு பகுதியும், வானைப் பார்த்து நிற்கும் கற்சிலையும்தான்.

வானியல் பற்றி எழுதப் பலர் இருக்கிறார்கள். நான் வந்தது குடிவழிக்காக. டைக்கோ, பிரபுகுலத்தில் பிறக்காத கிர்ஸ்டென் என்ற பெண்ணுடன் வாழ்ந்தார். ஒரு பெண் மூன்று குளிர்காலம் ஒருவருடன் வெளிப்படையாக ஒரே வீட்டில் வாழ்ந்து, அவருடன் உண்டு, வீட்டுச் சாவிகளையும் தாங்கினால் அவள் மனைவியே என்பது டென்மார்க்கின் பழைய சட்டம். ஆகவே மணம் செல்லும். ஆனால் பிள்ளைகளுக்குத் தந்தையின் குலச்சின்னமும் இல்லை, பிரபுகுல நிலமும் இல்லை. அவர்களுடைய எட்டுப் பிள்ளைகளில் பிழைத்த ஆறு பேருக்கும் உரானிபோர்க் உரிமையாக முடியாது. ஃபிரெடெரிக்குக்குப் பின் வந்த நான்காம் கிறிஸ்டியானோடு ஒத்துப்போகாமல் டைக்கோ 1597இல் தீவை விட்டார். 1601 அக்டோபர் 24 அன்று பிராகில் இறந்தார். மகள் எலிசபெத் மணந்த டெங்நாகெல், மாமனாரின் கணிப்புகளும் கருவிகளும் குடும்பச் சொத்து என்று வாதாடி, அவற்றை வைத்து ஆய்வு செய்த கெப்ளரோடு நெடுநாள் மல்லுக்கு நின்றார். நிலம் கிடைக்காத பிள்ளைகளுக்கு விண்மீன் அட்டவணைதான் சீதனம் என்றால் அதற்கும் சண்டை வரத்தானே செய்யும்?

உரானிபோர்க்கின் செங்கற்களைப் பிறர் எடுத்துப்போனார்கள். டைக்கோவின் நேர்வழியில் பிராஹே என்ற பெயர் டென்மார்க்கில் தொடரவில்லை. தம்பி ஸ்டேன்வழிதான், ஓடென்சேயில் பார்த்த ஃபுயூன் கிளையாகத் தழைத்தது.

நான்காம் நாள்: லுண்ட், டோர்லோசா

டைக்கோவின் தங்கை சோஃபி பிராஹேயைப் பற்றி நான் எவ்வளவு எழுதினாலும் அக்கா போதாது என்பாள். 1573 டிசம்பர் 8 அன்று நிகழ்ந்த சந்திர கிரகணத்தை அண்ணனோடு சேர்ந்து கணித்துப் பார்த்தவர் அவர். எரிக்ஸ்ஹோல்ம் பிரபு ஓட்டே தோட்டை மணந்தார். கணவர் இறந்தபின் பண்ணையை நடத்தினார். தோட்டக்கலையிலும் மருந்து செய்வதிலும் தேர்ந்தார். பிறகு ரசவாதத்தில் சொத்தை எல்லாம் கரைத்த எரிக் லாங்கே என்பவரைக் காதலித்து, நீண்ட காத்திருப்புக்குப் பின் 1602இல் மணந்தார். அந்தத் திருமணத்தில் தான் அணிந்திருந்த காலுறைகளில் ஓட்டை இருந்ததையும், மணமகனின் உடை அடகுக் கடைக்குத் திரும்ப வேண்டியிருந்ததையும் அவரே தன் அக்காளுக்குக் கடிதத்தில் எழுதினார். உதவாமல் கைவிட்ட உறவினர்கள்மீதான கோபம் அந்தக் கடிதம் முழுதும் இருக்கிறது.

எரிக் இறந்தபின் சோஃபி தம் பிற்காலத்தைக் கழித்தது ஹெல்சிங்கோரில். அங்கே அவர் செய்த வேலைதான் எனக்கு வியப்பைத் தருவது. டென்மார்க்கின் பிரபுகுலக் குடும்பங்கள் அனைத்தின் வம்சாவளியையும் திரட்டி, சுமார் 900 பக்கங்களில் ஒரு கையெழுத்துப் பிரதியாக 1626இல் நிறைவு செய்தார். எந்தக் குடும்பங்கள் தன்னைக் கைவிட்டனவோ அவற்றின் பிறப்பையும் திருமணத்தையும் இறப்பையும் ஒன்றுவிடாமல் எழுதி வைத்தார். அந்தப் பிரதி லுண்ட் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. முன்கூட்டி அனுமதி கேட்காத எங்கள் சோம்பலால் அதைப் பார்க்கவில்லை. நூலகத்தின் முகப்பைப் பார்த்துவிட்டு வந்தோம். 1643இல் இறந்த சோஃபி, முதல் கணவரோடு டோர்லோசா தேவாலயத்தில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். மாலையில் அங்கே போனபோது கதவு பூட்டியிருந்தது.

ஐந்தாம் நாள்: யோன்ஷோப்பிங்

நாள் முழுதும் ரயிலும் மழையும். வெட்டேர்ன் ஏரியின் தென்முனையில் இறங்கியபோது எதிர்க்கரையே தெரியவில்லை. இனி ஸ்வீடன் பிராஹேக்கள்.

ஆறாம் நாள்: கிரென்னா, விசிங்சோ

ஸ்வீடன் குடியின் கதை ஒரு கொலைக்களத்தில் தொடங்குகிறது. 1520 நவம்பரில் டென்மார்க் அரசர் இரண்டாம் கிறிஸ்டியான் ஸ்டாக்ஹோமில் பிரபுக்களையும் ஆயர்களையும் கூட்டித் தலைகளை வெட்டினார். மாண்டவர்களுள் ஒருவர் யோவாகிம் பிராஹே. அவருடைய மனைவி மார்கரெட்டா, பின்னாளில் ஸ்வீடனை விடுவித்து அரசரான குஸ்தாவ் வாசாவின் உடன்பிறந்தவர். அந்த ஆண்டில் பிறந்த கைக்குழந்தைதான் பேர் (Per) என்ற பெயர் கொண்ட மூத்த பேர் பிராஹே. அரசரின் தங்கை மகன் என்ற உறவு அவரை உயர்த்தியது. 1561இல் பதினான்காம் எரிக் தன் முடிசூட்டு விழாவில் ஸ்வீடனில் முதன்முறையாகக் கவுண்ட் என்னும் பிரபுப் பட்டங்களை வழங்கியபோது, மூவரில் ஒருவராகப் பேர் பிராஹே விசிங்ஸ்போர்கின் கவுண்ட் ஆனார்.

கிரென்னா துறையிலிருந்து விசிங்சோ தீவுக்கு 25 நிமிடப் படகு. துறையில் இறங்கியதுமே எதிரில் விசிங்ஸ்போர்க் மாளிகையின் சிதைந்த சுவர்கள் எழுகின்றன. தீவைச் சுற்றிவர 'ரெம்மலாக்' என்னும் நீளக் குதிரை வண்டி இருக்கிறது. இரண்டு பக்கமும் கால்களைத் தொங்கப்போட்டு முதுகோடு முதுகாக உட்கார வேண்டும். வண்டி பிராஹே தேவாலயத்தின் முன் நின்றது. பழைய ஸ்ட்ரோயா தேவாலயத்தின் இடைக்காலக் கோபுரத்தை விட்டுவைத்து, அதை ஒட்டி எழுப்பிய புதிய கட்டடம் 1636இல் அர்ப்பணிக்கப்பட்டது. கட்டி முடித்தவர் மூத்த பேரின் பேரனான இளைய பேர் பிராஹே.

இந்த இளைய பேர் (1602–1680) ஒரு சிறிய நாட்டை ஆள்வதுபோல் தம் கவுண்ட் நிலத்தை ஆண்டவர். தீவில் பள்ளி நிறுவினார், அச்சகம் கொண்டுவந்தார், 1652இல் கிரென்னா நகரத்தை நேர்கோட்டுத் தெருக்களோடு அமைத்தார். பின்லாந்தின் தலைமை ஆளுநராக இருமுறை சென்று, 1640இல் துர்க்குவில் பல்கலைக்கழகம் நிறுவத் துணைநின்று, பல ஊர்களுக்கு நகர உரிமை தந்தார். கடற்கரை நகரம் ராஹேயின் பெயரே அவர் பெயரிலிருந்து வந்தது. அங்கே இன்றும் ஒரு காரியம் நேரம் பார்த்து நடந்தால் 'கவுண்டின் காலத்தில்' நடந்தது என்கிறார்கள். நம்மூரில் 'மருது பாண்டியர் காலத்தில்' என்று நல்ல நாட்களை நினைவுகூர்ந்தால் எப்படி இருக்குமோ அப்படி ஒரு மதிப்பு. அயல்நாட்டு ஆளுநருக்கு ஆளப்பட்டவர்களின் மொழியில் இப்படியோர் இடம் கிடைப்பது அரிது.

மனைவி கிறிஸ்டினா கத்தரினா ஸ்டென்போக்குக்குக் கைம்மைக் காலத்தில் வாழ இடம் வேண்டும் என்று கிரென்னாவுக்கு வடக்கே, ஏரியைப் பார்த்த செங்குத்து முகட்டில் பிராஹேஹூஸ் மாளிகையைக் கட்டத் தொடங்கினார். மாளிகை முடிவதற்குள் 1650இல் மனைவியே இறந்துவிட்டார். 1708இல் தீ விழுங்கிய அதன் வெற்றுச் சாளரங்கள் வழியாகத் தீவு முழுவதும் தெரிகிறது. கீழே நெடுஞ்சாலை இரைகிறது.

இளைய பேரின் பெரியப்பா மகள் எப்பா பிராஹேயை (1596–1674) இங்கே எல்லாக் கடைகளிலும் அஞ்சலட்டையில் காணலாம். இளவயதில் அரசர் குஸ்தாவ் அடோல்ஃபின் காதலியாக இருந்தவர். தாயரசி அந்த மணத்தைத் தடுத்தார். 1618இல் படைத்தலைவர் யாக்கோப் டெ லா கார்டீயை மணந்து பதினான்கு பிள்ளைகளைப் பெற்றார். அவர் மகன் மாக்னுஸ் காப்ரியேல் நாட்டின் சான்சலர் ஆனார். காதல் கதையில் கரைந்துபோகாமல், இன்னொரு பெருங்குடியின் தாயாக அவரை நினைப்பதே சரியென்று படுகிறது.

1680இல் பேர் இறந்தார். அதே ஆண்டில் அரசாங்கம் பிரபுக்களிடமிருந்து நிலங்களைத் திரும்ப எடுத்துக்கொள்ளும் முடிவுக்கு வந்தது. விசிங்ஸ்போர்க் நிலமும் போனது. மாளிகையில் பின்னர் ரஷ்யப் போர்க்கைதிகளை அடைத்தார்கள். 1718இல் அது எரிந்தது. தீவின் ஓக் காடு பிராஹேக்களுடையது அன்று. 1830களில் கடற்படைக் கப்பல்களுக்காக அரசு நட்டது. மரங்கள் முற்றியபோது மரக்கப்பலே வழக்கொழிந்துவிட்டது.

ஏழாம் நாள்: ஸ்டாக்ஹோம்

ரிட்டார்ஹூசெட் என்ற பிரபுக்கள் மாளிகையின் சுவர் முழுதும் கேடயங்கள், இரண்டாயிரத்துக்கும் மேல். கவுண்ட் வரிசையில் முதல் எண் பிராஹேயினுடையது. மிகக் குறுகிய நேரமே திறந்திருக்கும் என்பதால் கழுத்து வலிக்க அவசரமாகப் பார்த்தோம்.

பக்கத்திலேயே ரிட்டார்ஹோல்மென் தீவுத் தேவாலயம். 1756இல் அரசி லோவிசா உல்ரிகா, நாடாளுமன்றத்திடமிருந்து அரச அதிகாரத்தை மீட்கத் திட்டமிட்டுத் தோற்றபோது, உடந்தையாக இருந்தவர்களுள் கவுண்ட் எரிக் பிராஹேயும் ஒருவர். நாட்டின் முதல் கவுண்ட் குடியின் தலைவரை ஜூலை 23 அன்று இந்தத் தேவாலயத்தின் முன் சிரச்சேதம் செய்தார்கள். அப்போது மனைவி ஸ்டீனா பிப்பேர் கருவுற்றிருந்தார். அந்த ஆண்டின் இறுதிக்குள் பிறந்த மாக்னுஸ் ஃபிரெட்ரிக் வழியாகத்தான் குடி தொடர்ந்தது.

இது முதன்முறை அன்று. இளைய பேரின் தம்பி நில்ஸ், 1632இல் லூட்சென் போரில் படுகாயமுற்று இறந்தார். அவருடைய மகன் நில்ஸ் பிறந்தது 1633இல். பேருக்கு ஆண்வாரிசு தங்காததால், தகப்பன் முகம் பாராத இந்தப் பிள்ளையே கவுண்ட் பட்டத்துக்கு வந்தார். 1520, 1632, 1756 ஆகிய மூன்று முறையும் ஆண் மாண்டுபோக, கைக்குழந்தையோ வயிற்றுப்பிள்ளையோ மட்டும் எஞ்சியது. 'பெயர் சொல்ல ஒரு பிள்ளை' என்று நாம் சொல்வதை இந்தக் குடி மூன்று முறை நூலிழையில் பெற்றிருக்கிறது. பெற்று வளர்த்த விதவைகளுக்குச் சுவரில் கேடயம் இல்லை.

எட்டாம் நாள்: ஸ்கூக்ளோஸ்டெர்

மேலாரென் ஏரிக்கரையில் நான்கு கோபுரங்களோடு வெள்ளையாய் நிற்கும் இந்தக் கோட்டையைக் கட்டியவர் பிராஹே அல்லர். படைத்தலைவர் கார்ல் குஸ்தாவ் வ்ராங்கெல். 1676இல் அவர் இறந்தபோது வேலை அப்படியே நின்றது. மேல்தளத்தின் பெருவிருந்து மண்டபம் இன்றும் பூசாத சுவரோடும் வெறும் உத்தரங்களோடும் இருக்கிறது. அன்றைய கைவினைஞர்களின் கருவிகளும் பாதுகாக்கப்பட்டுள்ளன. வ்ராங்கெலின் மகள் மார்கரெட்டா யூலியானாவை மணந்திருந்தவர் நேற்றுச் சொன்ன நில்ஸ். விசிங்ஸ்போர்கை இழக்கப்போகும் காலத்தில், மனைவி வழியாக இந்தக் கோட்டை பிராஹே குடிக்கு வந்து சேர்ந்தது. ஆயுதங்களும் நூல்களும் ஓவியங்களும் சிதறாமல் இருப்பதற்குப் பின்வந்த தலைமுறைகளே காரணம்.

அவர்களுள் கடைசியாகப் பெரும் செல்வாக்கோடு இருந்தவர் மாக்னுஸ் பிராஹே (1790–1844). பிரான்சிலிருந்து வந்து அரசரான பதினான்காம் கார்ல் யோஹான் ஸ்வீடிஷ் மொழி பேசமாட்டார். பகலில் நெடுநேரம் படுக்கையிலிருந்தபடியே அரசாங்கக் காரியங்களைக் கவனிப்பார். அவரை நெருங்க மாக்னுஸ்தான் வழி என்பதால் எதிர்ப்பாளர்கள் அந்த ஆட்சியைப் 'படுக்கையறை ஆட்சி' என்று கேலி செய்தார்கள். அரசர் 1844 மார்ச்சில் இறந்தார். மாக்னுஸ் அதே ஆண்டு செப்டம்பரில். அவர் திருமணம் செய்துகொள்ளவில்லை.

உறவினர் வழியில் பட்டம் நகர்ந்து, கடைசிக் கவுண்ட் மாக்னுஸ் பேர் பிராஹே 1930இல் இறந்ததோடு ஸ்வீடன் குடியும் அற்றுப்போனது. கோட்டை வான் எஸ்ஸென் குடும்பத்துக்குச் சென்று, 1967இல் அரசுடைமையானது.

கட்டி முடிக்காத மண்டபத்தில் கடைசியாக நின்றோம். அக்கா கீழே கிடந்த உளிகளையும் கயிற்றுச் சுருளையும் வெகுநேரம் பார்த்துவிட்டு, நாளைக் காலை வேலைக்கு வருவதாகச் சொல்லிப் போனவர்கள் மாதிரி வைத்திருக்கிறார்கள் என்றாள். கதவை மூடும் நேரம் என்று காவலர் வந்து நின்றார். ஐந்து மணிப் பேருந்துக்கு ஓடினோம்.